பிடறியில் விட்ட மருந்து

கனிஷ்கா கோவையில் கல்லூரி விடுதிக்குப் போனபோது தன் இரண்டு முயல்களையும் அப்பாவிடம் விட்டுவிட்டுப் போனாள். அன்பரசு திருச்செங்கோட்டில் ஆழ்துளைக் கிணறு போடும் ரிக் லாரிகளுக்கு வெல்டிங் செய்பவர். மனைவி இறந்து நான்கு வருடம். வேலைக்குக் கிளம்பும் முன் புல் வைப்பார். திரும்பி வந்ததும் கூண்டைக் கூட்டுவார்.

ஐப்பசி மழையின்போது பெரிய முயல் பஞ்சுவுக்கு மூக்கைச் சுற்றி முடி கொட்டியது. பழைய முடி உதிர்கிறது என்று நினைத்தார். பத்தே நாளில் காதோரம் சாம்பல் நிறத்தில் பொருக்குத் தட்டியது. ஓயாமல் சொறிந்து ரத்தம் வந்தது. சின்னது மிட்டுவுக்கும் ஆரம்பித்தது. அவருடைய முன்கையிலும் சிவப்பாகத் தடித்து அரித்தது. அன்று சாயங்காலமே டாக்டரைப் பார்த்துத் தனக்குக் களிம்பு வாங்கிவந்தார். முயல்களை நாமக்கல் கால்நடை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனால் அரை நாள் வேலை கெடும். நாய்த் தீவனம் விற்கும் கடையில் கேட்டார்.

"நாய்க்கு உண்ணி போறதுக்கு விடற மருந்துங்க. பிடறியில விட்டாப் போதும்," என்றார் கடைக்காரர்.

"மொசலுக்கு ஆகுங்களா?"

"எல்லாத்துக்கும் ஒண்ணுதானுங்க."

பஞ்சுவின் பிடறியில் முக்கால் குப்பியை விட்டார். மிட்டுவுக்கு மீந்த சில சொட்டுகள்.

மறுநாள் பஞ்சு தீனியைத் தொடவில்லை. மதியம் அவர் சாப்பாட்டுக்கு வந்தபோது ஒருக்களித்துக் கிடந்தது. கால்கள் வெட்டி வெட்டி இழுத்தன. துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டு வாசலுக்கு வருவதற்குள் உயிர் அடங்கிவிட்டது.

மிட்டுவை அட்டைப்பெட்டியில் வைத்து நாமக்கல் பஸ் ஏறினார். கால்நடை டாக்டர் சௌமியா முதலில் அதன் பிடறியைக் கழுவித் துடைத்தார். பிறகு பொருக்கைச் சுரண்டி மைக்ரோஸ்கோப்பில் பார்த்தார்.

"சொறிப்பூச்சிங்க. உங்க கைக்கும் இதுலிருந்துதான் வந்திருக்கும். ரெண்டு வாரத்துக்கு ஒண்ணுன்னு மூணு ஊசி போட்டாச் சரியாயிரும். நீங்க விட்ட மருந்து முயலுக்கு ஆகாதுங்க."

"செத்துப்போனதுக்கும் ஊசி போட்டிருந்தாச் சரியாயிருக்குமுங்களா?"

"ஆமாங்க."

மழைக்குளிர் தாங்கவில்லை என்று மகளிடம் சொல்லிவிடலாமா என்று பஸ்ஸில் யோசித்தபடியே வந்தார். போனில் அவள் குரலைக் கேட்டதும் நடந்ததைச் சொல்லிவிட்டார்.

அவள் ஒன்றே ஒன்றுதான் கேட்டாள்.

"உங்க கைக்கு எப்பங்ப்பா டாக்டரப் பார்த்தீங்க?"

"அரிப்பு வந்த அன்னைக்கே, சாமி."

போனை வைத்துவிட்டாள்.

சனிக்கிழமை வந்தாள். மிட்டு பிழைத்திருந்தது. "கோயமுத்தூர்ல ஃபிரண்டு ஊட்டுல வெச்சுக்கறேன். மீதி ஊசிய அங்கயே போட்டுக்கறோம்," என்றாள். திட்டவில்லை. திட்டினால் தேவலை என்று அவருக்கு இருந்தது.

பஸ் ஸ்டாண்டு வரைக்கும் அவர்தான் பெட்டியைத் தூக்கிவந்தார். படியேறும்போது வாங்கிக்கொண்டாள். எப்போதும் "போயிட்டு வாரேங்ப்பா" என்பவள், அன்று "போறேன்" என்றாள்.

வீட்டுக்கு வந்து கூண்டில் கொதிக்கக் கொதிக்க வெந்நீர் ஊற்றித் தேய்த்தார். கம்பி இடுக்குகளில் வெள்ளை முடி சிக்கியிருந்தது. ஒவ்வொன்றாகப் பிடுங்கியெடுத்தார்.