மூடுபனியில் பதினொரு குரல்கள்

1

அதுதான் சொல்கிறேன், அவன் வாயைத் திறந்திருக்கவே கூடாது. ஒளிந்து கிடக்கிறவன், கையில் துப்பாக்கி வைத்திருக்கிறவன், எதிரி பத்தடியில் நிற்கும்போது பதில் சொல்வானா? இவன் சொன்னான். அங்கேதான் கதை பிறந்தது.

இல்லை, பொய். கதை பிறந்தது ஸென்கோ வீட்டுச் சாப்பாட்டு மேஜையில். (உண்மையை இப்போதே சொல்லிவிடுகிறேன். இல்லாவிட்டால் பாதியில் அவனே வந்து மானத்தை வாங்குவான்.) ஸென்கோ என் பள்ளித் தோழன், தெர்னோபிலில் பஸ் ஓட்டுகிறான். கிறிஸ்துமஸுக்கு முந்தின மாலை, தேனும் கசகசாவும் போட்டு வேகவைத்த கோதுமையை நான் மூன்றாவது தடவையாக வாங்கிக்கொண்டிருந்தபோது அவன் தன் கொள்ளுத்தாத்தாவைப் பற்றிச் சொன்னான். பெயர் லெவ்கோ. கோயிலில் பாட்டை நடத்துபவரின் மகன். போருக்குப் போய்த் திரும்பியபின் கிறிஸ்துமஸ் வாழ்த்துக்கு மட்டும் பதிலே சொல்ல மாட்டாராம்.

எங்கள் உக்ரைனில் அது ஒரு வழக்கம் என்றுகூடச் சொல்ல முடியாது, மூச்சு விடுவதுபோல. ஒருவர் "கிறிஸ்து பிறந்தார்" என்றால் கேட்டவர் "அவரைப் போற்றுங்கள்" என்று முடிக்க வேண்டும். பேசப் பழகும் குழந்தைகூட முடித்துவிடும். மாட்டுக்கும் வாழ்த்துச் சொல்வோம், தேனீப் பெட்டிக்கும் சொல்வோம். லெவ்கோ மட்டும் தொப்பியைக் கழற்றுவார், தலையை ஆட்டுவார். அவ்வளவுதான். நாற்பது வருடம்.

ஏன் என்று கேட்டேன்.

"தெரிஞ்சா நான் ஏன்டா பஸ் ஓட்டுறேன்? உன்னை மாதிரி உக்காந்து கதை எழுத மாட்டேனா?"

2

முதல் தொடக்கம்: "1916ஆம் ஆண்டு ஜனவரியில், ஸ்திரிபா ஆற்றங்கரையில், இரு பேரரசுகளின் விதி –"

வேண்டாம். பேரரசு, விதி என்றெல்லாம் எழுதினால் எனக்கே கொட்டாவி வருகிறது.

இரண்டாவது: "பனி பெய்துகொண்டிருந்தது. லெவ்கோ தன் அம்மாவை –"

பனி எல்லோர் கதையிலும் பெய்கிறது. அம்மாவும் எல்லோர் கதையிலும் வருகிறாள்.

மூன்றாவது: "ஆற்றுக்கு மேற்கே ஆஸ்திரியச் சக்கரவர்த்தியின் சிப்பாய்கள், கிழக்கே ரஷ்யச் சக்கரவர்த்தியின் சிப்பாய்கள். இரண்டு பக்கத்திலும் உக்ரைன்காரர்கள் இருந்தார்கள். சக்கரவர்த்திகள்தான் வேறு வேறு. பேன் கடித்தால் வாயில் வரும் வசவு ஒன்றே."

இது பரவாயில்லை. இதையே வைத்துக்கொள்கிறேன்.

லெவ்கோ மேற்குக் கரை. அவன் லெப்டினன்ட் வியன்னாக்காரர். அவருடைய கிறிஸ்துமஸ் பதின்மூன்று நாளுக்கு முன்பே முடிந்துவிட்டது. ஆனால் எதிரியின் நாட்காட்டியைப் படித்து வைத்திருந்தார்: ஜனவரி ஏழாம் தேதிதான் அவர்களுக்குக் கிறிஸ்துமஸ், அன்றைக்குக் காவல் தளர்வாக இருக்கும், அன்று காலையில் போய் எதிர்க்கரையில் எத்தனை பேர் என்று பார்த்துவர வேண்டும். நல்ல திட்டம். ஒன்றைத்தான் மறந்துவிட்டார். தன் சிப்பாய்களுக்கும் அன்றுதான் கிறிஸ்துமஸ்.*

(* இப்போது நாங்களும் டிசம்பரிலேயே கொண்டாடுகிறோம். அப்போது அப்படியில்லை. இந்த நட்சத்திரக் குறியைப் போட எனக்கு ரொம்ப நாளாக ஆசை.)

3

மூடுபனி ஆற்றை அழித்திருந்தது. கரை எது, பனிக்கட்டி எது, வானம் எங்கே தொடங்குகிறது என்று லெவ்கோவுக்குத் தெரியவில்லை. பாதி ஒடிந்த ஒரு வில்லோ மரத்தடியில் குப்புறக் கிடந்தான். முழங்கைக்குக் கீழே அவன் கையே கரைந்துபோய், அதற்கப்பால் யாருடையதோபோல ஒரு துப்பாக்கி மிதந்தது. குழுத் தலைவன் ஹ்ரினும் இன்னும் இரண்டு பேரும் பின்னால் எங்கோ படுத்திருந்தார்கள். நேரமும் மூடுபனியோடு சேர்ந்து வெளுத்துவிட்டதுபோல இருந்தது. காலைப் பூசைக்கு அப்பா இந்நேரம் தொண்டையைச் செருமிக்கொண்டிருப்பார் என்று நினைத்தான். நினைத்ததும் மெழுகின் வாசனைகூட வந்தது.

அப்போது காலடிச் சத்தம். பனிக்கட்டிமேல் ஒருவன் வாளியோடு நடந்துவந்தான். ஆளில்லை, வெறும் சாம்பல் நிறம் கொஞ்சம் கெட்டியாகி நகர்ந்தது. தண்ணீர் எடுப்பதற்காக வெட்டிய குழியின் ஓரம் குனிந்து, தன் ஊர்ப் பழக்கத்தில், ஆற்றைப் பார்த்துச் சொன்னான்:

"கிறிஸ்து பிறந்தார்."

லெவ்கோ யோசிக்கவில்லை. யோசித்திருந்தால் கதையே இல்லை.

"அவரைப் போற்றுங்கள்."

அதோடு நின்றிருக்கலாம். பின்னாலிருந்து ஹ்ரினின் கரகரப்பான குரலும் "போற்றுங்கள்" என்றது. அவனுக்கு இடப்பக்கம் ஒன்று, வலப்பக்கம் ஒன்று. பிறகு எதிரே, ஆற்றின் அந்தக் கரையில், யாருமே இல்லாத வெண்மைக்குள்ளிருந்து, ஒன்று, இரண்டு, மூன்று... உடைந்த மாவு மில்லின் பக்கம் மூன்று, படகுத்துறையில் நான்கு. வாளியோடு வந்தவன் தூண்டில் புழு. அவனைப் பிடிக்க வருபவர்களைப் பிடிப்பதற்காக ஏழு பேர் மூச்சைப் பிடித்துக்கொண்டு படுத்திருந்தார்கள். அந்த ஏழு பேரும் இப்போது மூச்சை விட்டுவிட்டார்கள்.

எந்தக் குரல் எங்கே நிற்கிறது என்று கண்ணை மூடிச் சொல்லும் காது லெவ்கோவுக்கு. கோயில் பாட்டில் வளர்ந்த காது. தன்னோடு சேர்த்துப் பதினொன்று. அவன் எண்ண விரும்பவில்லை. காது எண்ணிவிட்டது.

பிறகு வாளிக்காரன் சிரித்தான்.

"எல்லாரும் இங்கதான் கெடக்கீங்களா? அப்ப வீட்ல யாருதான்பா இருக்கா?"

யாரும் சுடவில்லை. யாருக்கும் யாரும் தெரியவில்லை என்பது ஒரு காரணம்.

"மரத்துக்கிட்ட இருக்கிறவன் யாரு?" என்றான் வாளிக்காரன். "கோயில்காரப் பையனா? கடைசியில அந்த இழுவை இழுக்கிறே?"

"ஆமாண்ணே."

"எங்க பக்கம் இழுக்க மாட்டோம். சாமிக்கு ஆயிரம் வேலை. என் பேரு ஒமெல்கோ, போல்தாவா பக்கம்."

பின்னாலிருந்து ஹ்ரின் பல்லைக் கடித்தான். "டேய் லெவ்கோ, வாயை மூடுடா."

"ஓ, லெவ்கோவா?" என்றான் ஒமெல்கோ. வாளியை நிதானமாக நிரப்பினான். பனித்துண்டுகள் தகரத்தில் மோதிக் கிணுகிணுத்தன. எல்லாத் துப்பாக்கிகளும் அந்த வாளி நிரம்பும்வரை காத்திருந்தன. போகும்போது திரும்பாமலே சொன்னான்:

"தம்பி லெவ்கோ, நாளைக்கு இந்தப் பனிக்கட்டியில காலை வைக்காதே. எங்களைச் சுட வைக்காதே."

4

(இங்கே நின்று ஒன்றைச் சொல்ல வேண்டும். ஒமெல்கோமேல் எனக்கு நம்பிக்கை குறைகிறது. ரொம்ப நல்லவனாக வந்துவிட்டான். அவனை நிறுத்தி, நீ நிஜமாகவே எச்சரித்தாயா, இல்லை, வராதே என்று சொல்லிக் கரையைக் காப்பாற்றிக்கொள்ளும் தந்திரமா என்று கேட்கலாம் என்று பார்த்தேன். அதற்குள் மூடுபனிக்குள் போய்விட்டான். வாளி தளும்பும் சத்தம் மட்டும் எனக்குக் கேட்கிறது. எழுதியவனுக்கே அவ்வளவுதான்.)

5

பதுங்குகுழியில் லெப்டினன்ட் வரைபடத்தை விரித்து வைத்திருந்தார். எத்தனை பேர் என்று ஹ்ரினைக் கேட்டார். ஹ்ரின் தன் பூட்ஸைப் பார்த்துக்கொண்டே, மூடுபனியில் ஒன்றும் தெரியவில்லை என்றும், காது கேட்பது லெவ்கோவுக்குத்தான் என்றும் சொல்லி நழுவிவிட்டான்.

லெப்டினன்ட் லெவ்கோ பக்கம் திரும்பினார். கணக்கு எளிது என்று விளக்கினார். எதிர்க்கரையில் ஆள் இருந்தால், இருக்கும் இடத்தைக் காட்டு, பத்து நிமிடத்தில் பீரங்கி பேசும். ஆள் இல்லையென்றால் நாளைக் காலையில் நம் கம்பெனி ஆற்றைக் கடக்கும், முதலில் ஹ்ரினின் குழு.

மாவு மில் என்று சொன்னால் ஒமெல்கோ சாவான். யாருமில்லை என்று சொன்னால் ஹ்ரின் சாவான். தெரியாது என்பதும் யாருமில்லை என்பதும் லெப்டினன்டுக்கு ஒன்றுதான்.

காலையில் கேட்காமலே பதில் சொன்ன வாய் இப்போது ஒட்டிக்கொண்டது.

6

ஒரு முடிவு: லெவ்கோ விரலை மாவு மில்லின்மேல் வைக்கிறான். வசந்தத்தில் பனி உருகியபின் ஒரு வாளி கரையொதுங்கி –

அடித்துவிட்டேன். வாளியை வைத்து அழ வைப்பது எனக்கே கேவலமாக இருந்தது.

இன்னொன்று: யாருமில்லை என்கிறான். மறுநாள் ஹ்ரின் பனிக்கட்டியில் காலை வைத்து, திரும்பி லெவ்கோவைப் பார்த்து –

இதற்குமேல் விரல் நகரவில்லை.

ஸென்கோவுக்குத் தொலைபேசியில் இதுவரை எழுதியதைப் படித்துக் காட்டினேன். அவன் ஏதோ ஒரு நிறுத்தத்தில் ஆட்களை ஏற்றிக்கொண்டே கேட்டான்.

"மக்குப் பயலே. எங்க ஆளு என்ன முட்டாளா? யாருமே இல்லாத இடமாப் பாத்துக் கையைக் காட்டியிருப்பாரு."

அப்படியே எழுதினேன். லெவ்கோ வரைபடத்தில் ஆற்றின் மேல்பக்கம் இருந்த இடிந்த பாலத்தின்மேல் விரலை வைக்கிறான். அங்கிருந்து ஒரு குரலும் வரவில்லை, அவன் காதுக்குத் தெரியும். "இங்க ஏழு பேருங்க," என்கிறான். பீரங்கி வெற்றுப் பனிக்கட்டியை அடிக்கிறது. விரிசல் கீழே மாவு மில்வரை ஓடி ஆறு முழுக்கத் திறந்துகொள்கிறது. கறுப்புத் தண்ணீர் ஆவி விட்டுக்கொண்டு ஓடுகிறது. இனி நாளைக்கு யாரும் கடக்க முடியாது. ஒமெல்கோவும் பிழைத்தான், ஹ்ரினும் பிழைத்தான்.

எழுதி முடித்து அறைக்குள் இரண்டு சுற்று நடந்தேன். அவ்வளவு சந்தோஷம். பிறகு உட்கார்ந்தேன்.

அப்படியென்றால் லெவ்கோ ஏன் வாய் திறக்கவில்லை? எல்லோரையும் காப்பாற்றியவன் ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் கோயில் கூரை அதிரப் பதில் சொல்லியிருக்க வேண்டாமா?

மறுபடி ஸென்கோவைக் கூப்பிட்டேன். இந்தத் தடவை அவன் கிண்டல் செய்யவில்லை. "காதுக்குக் கேட்டது பதினொண்ணு," என்றான். "பதில் தெரியாதவன் எப்படிடா பதில் சொல்வான்?"

அந்த ரஷ்யப் படையில் எங்களவர்கள் மட்டுமா இருந்தார்கள்? கசானிலிருந்து வந்த ஒரு தாத்தார் முஸ்லிம் இடிந்த பாலத்தடியில் காவல் நின்றிருந்தால், அந்த வாழ்த்து அவனுக்கு வெறும் சத்தம். குளிரில் கையைத் தேய்த்துக்கொண்டு, மூடுபனிக்குள் பதினொரு பேர் எதையோ சொல்வதைக் கேட்டுவிட்டுச் சும்மா நின்றிருப்பான். அவன் பேசாததால் அவன் இல்லை என்று லெவ்கோ முடிவுகட்டியிருப்பான். பிறகு எப்போதோ, யாரிடமிருந்தோ, பீரங்கி அங்கே ஒருவனைக் கொன்ற உண்மை தெரிந்திருக்கும். அதற்கப்புறம் வராத அந்தப் பன்னிரண்டாவது குரலுக்காக லெவ்கோவும் பேசாமல் நின்றானோ, தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு, நாற்பது வருடம்?

இல்லை, பாலத்தடியில் யாருமே இல்லையா? நானும் ஸென்கோவும் சேர்ந்து ஒருவனை அங்கே நிறுத்திக் கொன்றுவிட்டோமா? என்னால் அவனை அங்கே வைக்கவும் முடியவில்லை, அங்கிருந்து எடுக்கவும் முடியவில்லை. நீங்களும் இவ்வளவு நேரம் அந்த மூடுபனியில் என்னோடுதானே படுத்திருந்தீர்கள், சொல்லுங்கள், பாலத்தடியில் ஆள் இருந்ததா, என்ன நினைக்கிறீர்கள்?