மேசைக்குச் சொந்தக்காரி

கல்லூரியில் அவளுக்கு ஏணி என்று பெயர் வைத்தது விடுதிச் சமையல்காரம்மா. மேல் அலமாரியிலிருந்து டப்பா எடுக்க ஆள் வேண்டியிருந்தபோதெல்லாம் அந்த ஏணியைக் கூப்பிடு என்பார். பெயர் ஒட்டிக்கொண்டது. அப்பா தையல்காரர். மகளுக்குக் கால்சட்டை வெட்டும்போது, இந்த ஒருத்தியின் துணியில் இரண்டு வாடிக்கையாளர்களைச் சமாளித்துவிடலாம் என்று முணுமுணுப்பார். ஆனாலும் இன்னும் வளர்ந்தால் இறக்கிக்கொள்ளலாம் என்று மடிப்பில் இரண்டு விரல் கூடுதலாகவே விடுவார். இந்த உயரத்துக்கு மாப்பிள்ளை எங்கே தேடுவது என்பது அம்மாவின் கவலை. தன் காது வரைக்கும் மட்டுமே வரும் ஒரு மருந்துக்கடைக்காரரைத் தானே பார்த்துக் கட்டிக்கொண்டு, பின்னாளில் அந்தக் கவலையையும் அவள் தீர்த்துவைத்தாள்.

கூடைப்பந்தில் உயரமானவர்கள் கூடைக்கு அடியில் நிற்பார்கள். இவள் அப்படி நிற்கிறவள் இல்லை. யார் எங்கே ஓடுகிறார்கள், யாருக்குக் கொடுத்தால் பந்து உள்ளே விழும் என்று பார்த்துக் கொடுக்கிறவள். பந்து அவள் கையில் தங்கியதே கிடையாது. கடவுள் கொடுத்த உயரத்தை வைத்துக்கொண்டு கஞ்சத்தனம் பண்ணுகிறாயே என்று பயிற்சியாளர் முதல் வருஷத்திலிருந்தே திட்டினார். கடைசி வருஷம் கல்லூரி அணி முதல்முறையாகக் கோப்பை வாங்கியதும் அவர் திட்டு நின்றுபோனது.

அந்த இறுதிப் போட்டியைப் பார்க்க நகரக் குடிநீர் நிறுவனத்திலிருந்து ஒரு அதிகாரி வந்திருந்தார். நிறுவனத்துக்குச் சொந்தமாக ஒரு பெண்கள் அணி இருந்தது. எங்கள் அணிக்காக விளையாடு, கட்டணப் பிரிவில் நிரந்தர வேலை தருகிறோம் என்றார். அலுவலகத்தில் என்ன வேலை என்று அப்பா கேட்டார். விளையாடுவதுதான் வேலையாம் என்றாள். அப்பா ஊசியில் நூல் கோத்தார். இப்படியும் உலகத்தில் வேலை இருக்கிறது என்று அவருக்குக் கடைசிவரை நம்பிக்கை வரவில்லை.

ஒன்பது வருஷம் அப்படித்தான் போயிற்று. விடியும்போது நிறுவன வளாகத்துக்குள் இருந்த மைதானத்தில் பயிற்சி. பத்து மணிக்குக் கட்டணப் பிரிவில் கையெழுத்து. பிறகு உடற்பயிற்சி, ஓய்வு, மாலையில் மறுபடி பயிற்சி. பாதி வருஷம் வெளியூர்ப் போட்டிகள். கட்டணப் பிரிவில் ஜன்னலோரமாக அவளுக்கென்று ஒரு மேசை இருந்தது. இழுப்பறையில் ஒரு ஜோடி பழைய காலணியும் முழங்காலுக்குச் சுற்றும் துணிப்பட்டையும் கிடந்தன. மேசையில் எப்போதும் தூசு இல்லாமல் இருந்ததை மட்டும் அவள் கவனித்திருக்கிறாள். யார் துடைத்தார்கள் என்று கேட்கத் தோன்றியதில்லை. வரவேற்பறைச் சுவரில் கோப்பைகளோடு எடுத்த படங்கள் வரிசையாகத் தொங்கின. எல்லாப் படத்திலும் நடுவில் அவள்.

பிறகு புதுத் தலைமை அதிகாரி வந்தார். தண்ணீர் கொடுக்கிற நிறுவனத்துக்குப் பந்து எதற்கு என்று கேட்டார். கேள்வியில் தப்பு கண்டுபிடிக்க யாராலும் முடியவில்லை. அணி கலைந்தது. மைதானத்தில் தண்ணீர் லாரிகள் நின்றன. இளையவர்கள் வேறு அணிகளுக்கும் பள்ளிகளுக்கும் போனார்கள். அவளுடைய இடது முழங்கால் அதற்குள் இரண்டு முறை கத்தியைப் பார்த்திருந்தது. எந்த அணியும் கேட்கவில்லை. ஒரு திங்கட்கிழமை கையெழுத்துப் போட்டுவிட்டு, வாழ்க்கையில் முதல்முறையாகத் தன் மேசைக்கு முன்னால் உட்கார்ந்தாள். முழங்கால் மேசைக்கடியில் நுழையவில்லை.

பக்கத்து மேசைக்காரியைப் பிரிவே கண்ணாடி அக்கா என்றுதான் கூப்பிடும். தடிமனான கண்ணாடி, இழுத்து முடிந்த கொண்டை, அளந்து பேசுகிற வாய். அக்கா தன் மேசையிலிருந்த இரண்டு கட்டணக் காகிதக் கட்டுகளில் ஒன்றைத் தூக்கி ஏணியின் முன்னால் வைத்தாள். இது என்னக்கா என்றதற்கு, உன்னுடையதுதான் என்றாள்.

"என் மேசைக்கு வேலையே கிடையாதுன்னு நினைச்சேன்கா."

"வேலை இல்லாத மேசையை யாரு போடுவாங்க?" அக்கா குரலை உயர்த்தவில்லை. "வடக்குத் தெருக்கள் எல்லாம் உன் பொறுப்பு. தெற்கு என்னுது. ரெண்டையும் நான்தான் பாத்தேன். என் பசங்க பள்ளிக்கூடம் விட்டு வந்து பூட்டின வாசல்ல உக்காந்திருக்கும். இப்ப வளந்துட்டாங்க, விடு."

ஏணிக்கு முகம் எரிந்தது. அன்று வீட்டுக்குப் போய்க் கணவரிடம் சொன்னாள். அவர் மாத்திரைப் பட்டைகளை எண்ணி அடுக்கிப் பழகிய மனிதர், எதையும் பதறாமல் கேட்பார். உனக்குத் தெரியாதே என்றார். தெரிந்துகொள்ளவில்லை என்றாள் அவள். வேலையை விட்டுவிடப் போகிறாயா என்று கேட்டார். இல்லை, கற்றுக்கொள்ளப் போகிறேன் என்றாள்.

கற்றுக்கொள்வது லேசாக இல்லை. இருபது வயதுப் பெண்கள் கண்ணை மூடிக்கொண்டு தட்டுகிற எண்களை அவள் ஒற்றை விரலால் தேடினாள். இரண்டாம் மாதமே ஒரு தெரு முழுக்க ஒரு சுழியம் கூடுதலாகப் போட்டுக் கட்டணச் சீட்டு அனுப்பிவிட்டாள். மறுநாள் தெருவே முகப்பில் வந்து நின்றது. முடிதிருத்தும் கடைக்காரர் ஒருவர் சீட்டைக் கண்ணாடித் தடுப்பில் ஒட்டிக் காட்டி, நான் முடி வெட்டுகிறேனா, யானை குளிப்பாட்டுகிறேனா என்று விசாரித்தார். பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். பிரிவுத் தலைவர் சிரிக்கவில்லை. அக்கா எழுந்து வந்து, அன்று மாலைக்குள் சீட்டெல்லாம் திருத்தப்படும் என்று அவர்களை அனுப்பிவைத்தாள். ஏணியிடம் சொன்னது ஒன்றுதான்: தப்பைத் தபாலில் திருத்தாதே, நேரில் போய்க் கொடு.

போனாள். வீடு வீடாகக் கதவைத் தட்டி, மன்னிப்புக் கேட்டுக் கொடுத்தாள். கடைசியில் முடிதிருத்தும் கடை. திருத்திய சீட்டிலும் தொகை வழக்கத்தைவிட அதிகம் என்று கடைக்காரர் காட்டினார். அவள் அவரைக் குழாய்களை எல்லாம் மூடச் சொல்லிவிட்டு, குனிந்து மீட்டரைப் பார்த்தாள். முள் சுற்றிக்கொண்டிருந்தது. யானை பூமிக்கடியில் குளித்துக்கொண்டிருக்கிறது என்று சொல்லிவிட்டு அவளே கசிவுப் பிரிவுக்குத் தகவல் கொடுத்தாள்.

மறுநாள் விடியற்காலையில், வண்டிச் சத்தம் தொடங்கும் முன்பே அந்தப் பிரிவின் மேஸ்திரி இரண்டு ஆட்களோடு வந்தார். அவளும் வந்து நின்றாள். அவர் கையில் ஒரு நீளமான இரும்புக் கம்பி. அதன் தலையில் கிண்ணம் போல ஒன்று. கம்பியைக் குழாயின் மேல் ஊன்றி, கிண்ணத்தில் காதை வைத்துக் கேட்பார்கள். தண்ணீர் ஒழுகும் இடத்தில் மெல்லிய சீறல் கேட்கும். நானும் கேட்கலாமா என்றாள். மேஸ்திரி அவளை அண்ணாந்து பார்த்தார்.

"மேல போற வேலைன்னா ஏணி வேணும். இங்க எல்லாம் கீழ போற வேலைம்மா."

ஆனாலும் கம்பியைக் கொடுத்தார். அவள் கண்ணை மூடினாள். முதலில் தன் மூச்சுச் சத்தம்தான் கேட்டது. பிறகு எங்கோ தள்ளி, கெட்டிலில் நீர் சூடாகும்போது வருவது போல ஒரு இழை. நான்கு எட்டு வைத்து மறுபடி ஊன்றினாள். இழை தடித்தது. இங்கே என்றாள். தோண்டினார்கள், அங்கே இல்லை. இன்னும் ஒரு முழம் தள்ளி இருந்தது. முதல் தடவைக்கு இது பரவாயில்லை என்று மேஸ்திரி ஒப்புக்கொண்டார்.

அதன்பிறகு அலுவலகம் திறக்கும் முன்பு அவர்களோடு சுற்றுவது வழக்கமாயிற்று. விடியலில் எழுவது அவளுக்குப் பழகிய பாடு. ஆளில்லாத தெரு, மங்கிய விளக்குகள், ஈர மண் வாடை எல்லாம் பிடித்துப்போயின. பத்து மணிக்குக் கட்டணப் பிரிவுக்கு வந்து தன் கட்டைத் தானே முடித்தாள். இரண்டு வருஷத்தில் அக்காவிடம் கேட்காமலே வடக்குத் தெருக்களைச் சமாளிக்கும் அளவுக்குத் தேறினாள். அந்தச் சமயத்தில்தான் கசிவுப் பிரிவில் ஒரு இடம் காலியாகி, மேஸ்திரி அவளையே கேட்டார். அந்தப் பிரிவில் அதுவரை பெண்கள் யாரும் இருந்ததில்லை.

துள்ளிக் குதித்துக்கொண்டு வந்து அக்காவிடம் சொன்னாள். அக்கா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். நல்லா இரு என்றாள். பிறகு ஏணியின் மேசையிலிருந்த காகிதக் கட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

ஏணி பிரிவுத் தலைவரிடம் போய், தன் மேசைக்கு யார் வருவார்கள் என்று கேட்டாள். ஆள் எல்லாம் வராது, கண்ணாடியம்மா பார்த்துக்கொள்வார்கள், பழகினவங்கதானே என்றார் அவர், தலையைக்கூட நிமிர்த்தாமல்.

அவள் அங்கேயே நின்றாள். அவள் நின்றால் எந்த அறையும் கொஞ்சம் இருட்டும்.

"அப்படின்னா நான் போகல சார். ஆள் போடுங்க, அன்னைக்குப் போறேன்."

அந்த இடம் உனக்காகக் காத்திருக்காது என்றார். காத்திருக்கவும் இல்லை. அடுத்த வாரமே வேறொருவர் சேர்ந்துவிட்டார். பிழைக்கத் தெரியாதவள் என்று மேஸ்திரி திட்டினார். கணவர் முழங்காலுக்குத் தைலம் தேய்த்துவிட்டார். அவள் கட்டணச் சீட்டுகளை அடித்துக்கொண்டும், மாதம் தவறாமல் ஆள் கேட்டு மனு எழுதிக்கொண்டும் இருந்தாள். தொல்லை பொறுக்காமல் ஒருநாள் பிரிவுத் தலைவர் ஒரு புதுப் பெண்ணைக் கூட்டிவந்து ஜன்னலோரம் ஏணியின் பக்கத்தில் உட்காரவைத்தார். கசிவுப் பிரிவில் அடுத்த இடம் திறக்க இன்னும் ஒரு மழைக்காலம் போக வேண்டியிருந்தது.

அக்கா நன்றி என்ற வார்த்தையைச் சொல்லவில்லை. கசிவுப் பிரிவுக்கு மாற ஏணி இழுப்பறையைக் காலி செய்த அன்று, பழைய காலணிகளைப் பார்த்துவிட்டு, நீ விளையாடி நான் பார்த்ததே இல்லை என்றாள். எல்லாப் போட்டிகளும் அலுவலக நேரத்தில் நடந்தவை. அந்த நேரத்தில் அக்கா எங்கே இருந்தாள் என்று இருவருக்கும் தெரியும்.

"இவ்வளவு நாள் எதுக்காக உழைச்சேன்னு ஒரு தடவை பாக்கணும்டி."

பூங்காவில் ஞாயிற்றுக்கிழமைகளில் பழைய ஆட்டக்காரிகள் சிலர் கூடுவதுண்டு. கூப்பிட்டும் ஏணி போனதில்லை. இப்போது போனாள். கணவர் முழங்காலில் பட்டையை இறுக்கிச் சுற்றினார். அக்கா குடையோடு வந்து சிமெண்டுப் படியில் உட்கார்ந்துகொண்டு, யாருக்கு எத்தனை, ஏன் விசில் ஊதினார்கள் என்று ஏணியின் கணவரைத் துளைத்தெடுத்தாள்.

ஏணிக்கு ஓட முடியவில்லை. பாதி மைதானத்துக்குள்ளேயே நடந்து நடந்து ஆடினாள். ஆனால் பந்து கைக்கு வந்ததும் கால் மறந்துபோயிற்று. ஒரு தடவை இரண்டு பேர் அவளை மறித்து நின்றார்கள். அவள் இடப்பக்கம் பார்த்தபடியே, பார்க்காத வலப்பக்கத்துக்குப் பந்தைத் தட்டிவிட்டாள். அங்கே ஒல்லியாக ஒருத்தி அப்போதுதான் ஓடிவந்து, வந்த வேகத்திலேயே கூடைக்குள் போட்டாள். அக்கா எழுந்து நின்றுவிட்டாள். ஆனாலும் ஏணியின் அணி தோற்றது.

வியர்வையோடு வந்து படியில் சாய்ந்தவளிடம் அக்கா சொன்னாள்:

"பக்கத்துல இருக்கறவ கையில தள்ளிவிடறதுல நீ எப்பவுமே கெட்டிக்காரிதான்."

கணவர் திடுக்கிட்டார். ஏணி முதலில் விழித்தாள், பிறகு வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அக்காவும் சிரித்தாள். அலுவலகத்தில் யாரும் பார்த்திராத சிரிப்பு. சிரித்து முடித்ததும் அக்கா கேட்டாள்:

"அந்த ஒல்லிப் பொண்ணை நீ பாக்கவே இல்லையே. அங்க இருப்பான்னு எப்படித் தெரிஞ்சுது?"

"வருவான்னு தெரியும்கா."

"நான் இருப்பேன்னு தெரிஞ்ச மாதிரியா?"

ஏணி நிமிர்ந்து உட்கார்ந்தாள். "இல்லக்கா. நீங்க இருந்ததே எனக்குத் தெரியல."

அக்கா தலையை ஆட்டினாள். மைதானத்தில் அடுத்த ஆட்டத்துக்கு ஆள் சேர்ந்துகொண்டிருந்தார்கள். அந்த ஆட்டத்தையும் பார்த்துவிட்டே போகலாம் என்று சொல்லி அக்கா குடையை விரித்து, ஏணியின் தலைக்கும் சேர்த்துப் பிடிக்கப் பார்த்தாள். எட்டவில்லை. ஏணி அதை வாங்கி இரண்டு பேருக்கும் பிடித்துக்கொண்டாள்.

மேஸ்திரி ஓய்வு பெற்றபோது அவர் இடத்துக்கு ஏணி வந்தாள். கண்ணாடி அக்கா இப்போது வேலையில் இல்லை. ஆனால் ஞாயிற்றுக்கிழமை தவறுவதில்லை. நடுவரோடு சண்டை போடும் அளவுக்கு விதிகளும் தெரிந்துவிட்டன. இன்னொரு தடவை இப்படிச் செய்தால் அக்காவைப் பூங்காவுக்கு வெளியே உட்காரவைப்பேன் என்று நடுவர் இரண்டு முறை எச்சரித்திருக்கிறார்.