வலப்பக்கம் மேலே

திருமணப் பதிவகத்தில் எங்களுக்குப் பன்னிரண்டு மணி என்று எழுதித் தந்திருந்தார்கள். பத்து இருபதுக்கு அந்தப் படத்தை நான் இத்தாலிக்கு அனுப்பினேன்.

படத்தை எடுத்தது அம்மா. யன்னலோரம் யுன்ஷூ நின்றாள். என் அண்ணா நிதுசனின் மணப்பெண். மூன்று மாதமாக நான் தைத்த சிவப்புப் பட்டு உடுப்பைப் போட்டிருந்தாள். முன்பக்கத்துத் துண்டுகள் இரண்டும் மார்பில் ஒன்றன்மேல் ஒன்று குறுக்காக மடிந்து, அக்குளுக்குக் கீழே நாடாவால் கட்டப்படும் பழைய சீன உடுப்பு அது. கைகள் மிக அகலம். அவள் கையை உயர்த்தினால் அறைக்குள் ஒரு சின்னக் கூடாரம் விரியும். துணி முழுக்கப் பொன்னிழையில் மாதுளம்பழங்கள். துணியை அனுப்பியவள் யுன்ஷூவின் சித்தி மகள் ஜிங்யா. பிராட்டோ என்ற இத்தாலிய ஊரில் சீனர்கள் நடத்தும் தையல் தொழிற்சாலை ஒன்றில் வேலை செய்கிறாள். ஞாயிற்றுக்கிழமைகளில் இதே மாதிரி உடுப்புகளைப் போட்டுக்கொண்டு தோழிகளோடு நகரச் சதுக்கத்தில் நடப்பாளாம். கிழவர்கள் எழுந்து கைதட்டுவார்களாம்.

ஜிங்யாவின் பதில் உடனே வந்தது.

"இது கண்ணாடியில் எடுத்த படமா?"

"இல்லை. நேரே எடுத்தது," என்று எழுதினேன்.

அவள் எழுதுகிறாள் என்று காட்டும் மூன்று புள்ளிகள் தோன்றின, மறைந்தன, மறுபடி தோன்றின. யன்னலுக்கு வெளியே தொங்குரயில் ஒன்று ஆற்றின் மேலாகப் போய் முடிந்தது. பிறகுதான் எழுத்து வந்தது.

"வலப்பக்கம் மேலே இருக்கிறது. உயிரோடு இருப்பவர்களுக்கு இடப்பக்கம்தான் மேலே வரும். வலப்பக்கத்தை மேலே மடிப்பது செத்தவர்களுக்கு மட்டும். அவளுடைய அம்மா இதைப் பார்க்கவே கூடாது."

கைபேசியோடு நடைவழிக்குப் போய்க் கதவைச் சாத்திக்கொண்டேன்.

இடப்பக்கம், வலப்பக்கம். எப்படித் தவறியது என்று யோசிக்க அதிக நேரம் தேவைப்படவில்லை. இதே ஜெர்மன் நகரான வுப்பர்டாலில் மூன்று வருடம் தையல் படித்தவள் நான். பெண்கள் உடுப்பு என்றால் வலப்பக்கம் மேலே, ஆண்கள் உடுப்பு என்றால் இடப்பக்கம் மேலே. முதல் வாரத்தில் கையில் ஏறிய பாடம். சீனப் படங்களைப் பார்த்துத்தான் வரைந்தேன். ஆனால் கத்தரியை எடுத்ததும் கை தன் பாடத்தைச் செய்துவிட்டது. அளவு பார்த்த ஒவ்வொரு முறையும் அலமாரிக் கண்ணாடியின் முன்னால்தான் யுன்ஷூவை நிறுத்தினேன். கண்ணாடியில் இடம் வலமாகத் தெரியும் அல்லவா? படத்தில் இருந்ததும் கண்ணாடியில் இருந்ததும் அச்சாக ஒத்துப்போயின. ஜிங்யாவுக்கு அனுப்பிய படங்களும் கண்ணாடியில் எடுத்தவைதான். அம்மா இன்று எடுத்ததுதான் முதல் நேர்ப்படம்.

யுன்ஷூவின் அம்மா ஹம் நகரில் சின்னச் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கிறார். அண்ணாவைக் கட்டப் போகிறேன் என்று யுன்ஷூ சொன்ன நாளிலிருந்து ஏழு மாதம் மகளோடு பேசவில்லை. போன கிழமைதான் தொலைபேசி எடுத்தார்.

"என்ன நிறம்?" என்று கேட்டாராம்.

"சிவப்பு."

"அவர்களுடைய சேலையா?"

"இல்லை. எங்களுடையது."

"வருகிறேன்."

அவ்வளவுதான் பேச்சு. அந்த ஒரு சொல்லை யுன்ஷூ எங்கள் எல்லோருக்கும் தனித்தனியாகச் சொல்லிக் காட்டினாள். இப்போது அந்த அம்மா ரயிலில் இருந்தார். மகள் பிணத்தின் உடுப்பில் மணமேடைக்கு வருவதைப் பார்க்கத்தான் அவர் வந்துகொண்டிருந்தார்.

எனக்கு இன்னொரு பயமும் இருந்தது. மாசி மாதம், இந்த வீட்டுச் சமையலறையில், "இது சரிவராது அண்ணா, வேற ஆளே கிடைக்கேல்லையோ?" என்று நான் ஜெர்மன் மொழியில் கேட்டிருந்தேன். யுன்ஷூ கதவருகில் நின்றாள். மன்னிப்புக் கேட்கத் தெரியாமல்தான், உடுப்பை நான் தைத்துத் தருகிறேன் என்றேன். இப்போது இதை யார் தவறு என்று நம்புவார்கள்?

சொல்லாமல் விட்டுவிடலாமா என்று ஒரு கணம் நினைத்தேன். மூடிய கதவுக்கு அந்தப் பக்கம் அம்மா சிரிப்பது கேட்டது.

"உந்தப் பெரிய கைக்குள்ள ஒரு மூட்டை அரிசி கொண்டு போகலாம் பிள்ளை."

யுன்ஷூவுக்குத் தெரிந்த தமிழ் கொஞ்சம். அதை ஒளித்து வைக்கமாட்டாள். "ஓம் மாமி. சம்பா அரிசி," என்றாள்.

கதவைத் திறந்தேன்.

"அதைக் கழட்டு," என்றேன்.

யுன்ஷூ திரும்பினாள். "ஏன் மச்சாள், கறையா?" எங்களுக்குள் எப்போதும் ஜெர்மன்தான், மச்சாள் என்பதைத் தவிர.

கைபேசியை அவளிடம் கொடுத்தேன். நானே சொல்லியிருக்க வேண்டும். அவள் ஒரு முறை வாசித்தாள். பிறகு குனிந்து, தன் மார்பில் மடிந்திருந்த துணியைப் பார்த்தாள், அது தன்னுடையது இல்லை என்பதுபோல.

"உனக்குத் தெரியுமா இது?"

"இல்லை. சத்தியமா இல்லை."

"எனக்கும் தெரியாது," என்றாள். குரல் மெல்லியதாக இருந்தது. "எனக்குத் தெரிஞ்சிருக்க வேணும். உனக்குத் தெரியாதது பிழையில்லை. எனக்குத் தெரியாமல் போனதுதான்..."

அவள் என்னைத் திட்டியிருந்தால் நல்லாயிருந்திருக்கும்.

அம்மாவுக்குத் தமிழில் சொன்னேன். அம்மா கதிரையில் இருந்துவிட்டார்.

"முருகா. தாய்க்காரி உதைக் கண்டால் வாசலோட திரும்பிப் போயிடுவா. நான் எண்டாலும் போயிடுவன்."

"அம்மா, கொஞ்சம் பேசாமல் இருங்கோ."

"என்ர கூறை இருக்குது. அரக்குச் சிவப்பு. பத்து நிமிசத்தில உடுத்தி விடுறன்."

நான் மொழிபெயர்க்கும் முன்பே யுன்ஷூ தலையை ஆட்டினாள். "சேலை உடுத்தினால், என்னை நீங்கள் விழுங்கிவிட்டீங்கள் எண்டுதான் அம்மா நினைப்பா."

"அப்ப அந்த ஒட்டின மாதிரிச் சீனச் சட்டை, கழுத்து உயர்ந்தது? ஒண்டு வைச்சிருந்தாய் தானே," என்று கேட்டேன்.

"அது கடையில சாப்பாடு பரிமாறப் போட்டது. பதினாலு வயசிலிருந்து. வாடிக்கையாளருக்குப் பிடிக்குமெண்டு அம்மா வாங்கித் தந்தா. மாறுவேடக் களியாட்டத்துக்கு வகுப்புப் பிள்ளைகளும் அதையேதான் வேசமாப் போட்டுக்கொண்டு வந்தாளுகள். கண்ணை இழுத்து இழுத்துக் காட்டினாளுகள்." அவள் உடுப்பின் நாடாவை அவிழ்த்தாள். "அதைப் போட்டுக் கலியாணம் கட்ட ஏலாது."

ஏலாது என்பதை மட்டும் தமிழில் சொன்னாள். அண்ணாவிடம் கற்றது.

அப்பாவிடமிருந்து அழைப்பு. அவர் பூங்கொத்தோடு ரயில் நிலையத்தில் நின்றார். "பிள்ளை, ரயில் ஹாகனுக்குப் பக்கத்தில நிண்டிட்டுதாம். இருபது நிமிசம் பிந்துமாம்."

"சனியன் பிடிச்ச ரயில்," என்றார் அம்மா பழக்கத்தில்.

"பிந்தட்டும்," என்றேன் நான். அப்படி யாரும் ஜெர்மனியில் ரயிலுக்குச் சொல்லி நான் கேட்டதில்லை.

உடுப்பை மேசையில் விரித்தேன். இடப்பக்கத் துண்டை எடுத்து மேலே மடித்துப் பார்த்தேன். வரவில்லை. உள்ளே மறையும் துண்டுதானே என்று, துணி மிச்சம் பிடிக்க அதைப் பாதி அகலத்துக்கு வெட்டியிருந்தேன். மார்பு நடுவோடு நின்றது. புதிதாக வெட்டத் துணியும் இல்லை, நேரமும் இல்லை. பத்து நாற்பத்தைந்து.

யுன்ஷூ வெள்ளை உட்சட்டையோடு கட்டில் ஓரத்தில் இருந்தாள். பொட்டு வைக்காத, பூ வைக்காத, எந்த நாட்டுக்கும் சேராத ஒரு பெண். எங்கேயாவது ஒரு நகரத்தில், யாருமே யாரிடமும் நீ எங்கிருந்து வந்தாய் என்று கேட்காத ஒரு நகரத்தில், இப்படியே இவள் மணமுடிக்கலாம் என்று எனக்குத் தோன்றியது. அந்த நகரத்துக்கு ஹம்மிலிருந்து ரயில் இல்லை.

உடுப்பைச் சுருட்டி எறியத்தான் கையில் எடுத்தேன். அதன் ஒரு கை உட்புறம் வெளியாகப் புரண்டு விழுந்தது. கருஞ்சிவப்பு உள்துணி. நகரச் சந்தையில் நான் வாங்கிய சாதாரணப் பருத்தி, ஒரு பூவும் இல்லை.

நின்றுவிட்டேன்.

மற்றக் கையையும் புரட்டினேன். முழு உடுப்பையும் உள்ளே வெளியாகத் திருப்பினேன். அகலமான துண்டு வலப்பக்கத்திலிருந்து இடப்பக்கத்துக்கு வந்திருந்தது.

"யுன்ஷூ. எழும்பு."

அவள் தோளில் போட்டு மடித்தேன். இடப்பக்கம் மேலே. வலது அக்குள் வரை சரியாகப் போய் நின்றது. தையல் விளிம்பு எங்கும் தெரியவில்லை. எங்கள் பரீட்சையில் உடுப்பைக் கையில் எடுத்ததும் முதலில் உட்பக்கத்தைத்தான் புரட்டிப் பார்ப்பார்கள். அந்தப் பயத்தில் எதைத் தைத்தாலும் உட்பக்கத்தையும் வெளிப்பக்கம் மாதிரியே தைக்கப் பழகியிருந்தேன்.

"மாதுளை எல்லாம் உள்ளுக்க போட்டுதே," என்றார் அம்மா. "மூண்டு மாசம் கண் முழிச்சுத் தைச்சதடி."

"போகட்டும்."

யுன்ஷூ என்னையே பார்த்தாள். "உனக்குக் கவலையில்லையோ?"

இருந்தது. சொல்லவில்லை. "நாடா நாலும் இப்ப உள்ளுக்க போட்டுது. பிரிச்சு வெளியில தைக்க வேணும். இல்லாட்டி உடுப்பு நிக்காது," என்றேன். அவள் மேலேயே வைத்துத் தைத்துவிடலாம் என்று ஊசியைக் கோத்தேன்.

அம்மா பாய்ந்து கையைப் பிடித்தார். "உடம்பில வைச்சுத் தைக்காதை! கலியாண நாளில தரித்திரம்! கழட்டித் தை."

அம்மாவோடு வாதாட நேரமில்லை. கழற்றினாள். முதல் நாடா. போட்டுப் பார்த்தோம், கழற்றினோம். இரண்டாவது. விரலில் ஊசி ஏறியது. இரத்தம் சிவப்பில் தெரியாது என்று யுன்ஷூ சொன்னாள், முதல் முறையாகச் சிரித்தாள். பதினொன்று இருபது. அப்பா மறுபடி எடுத்தார். "ரயில் வெளிக்கிட்டிட்டுது. அவவை நேரே அங்க கூட்டிக்கொண்டு வாறன்." மூன்றாவது நாடா. அண்ணா கீழிருந்து கார் ஹோர்னை அழுத்தினான்.

"இந்தப் பன்னிரண்டு மணித் தேர்மினை விட்டால் அடுத்தது ஆவணியிலயாம்!" படிக்கட்டில் அவன் கத்துவது கேட்டது.

நாலாவது நாடாவைத் தைக்க முடியவில்லை. வெளிப்பக்கத்து நாடா, எல்லாவற்றையும் தாங்கும் நாடா. அதை அந்த இடத்தில் வைத்து ஒரு சட்டைப்பின்னைக் குத்தினேன். ஊசியையும் சிவப்பு நூலையும் என் கைப்பைக்குள் போட்டேன்.

பதிவகத்தின் முன்கூடத்தில் காத்து நின்றோம், எங்களுக்கு முந்திய ஜெர்மன் சோடி இன்னும் உள்ளே இருந்தது. பன்னிரண்டுக்கு ஐந்து நிமிடம். கண்ணாடிக் கதவு திறந்தது. முதலில் அப்பா, பூங்கொத்து இன்னும் அவர் கையிலேயே. பின்னால் சாம்பல் நிறக் கோட்டுப் போட்ட சின்ன உருவப் பெண். கொடுத்த பூவை அவர் வாங்கவில்லை என்பது அப்பாவின் முகத்தில் தெரிந்தது.

அவர் மகளின் முகத்தைப் பார்க்கவில்லை. கழுத்தைப் பார்த்தார். பார்வை கழுத்திலிருந்து மடிப்பின் வழியே மெதுவாகக் கீழிறங்கி வலது அக்குளில் நின்றது. இடப்பக்கம் மேலே. நான் மூச்சு விட்டேன்.

ஆனால் அவர் பார்வை அங்கேயே நின்றது. நெருங்கி வந்தார். சட்டைப்பின்னைத் தொட்டார். பிறகு யுன்ஷூவின் உடுப்பின் அகன்ற கையைப் பிடித்து ஓரத்தைப் புரட்டினார். பொன் மாதுளம்பழங்கள் வெளிச்சத்துக்கு வந்தன. பழைய நாடா இருந்த இடத்தில் நான் பிரித்த தையலின் ஓட்டைகளையும் அவர் விரல் தேடிக் கண்டுபிடித்தது. ஹம்முக்கு வருமுன் அவரும் பிராட்டோவில் ஆறு வருடம் உள்துணி தைத்தவர் என்று யுன்ஷூ எனக்குச் சொல்லியிருந்தாள். நான் மறந்திருந்தேன்.

அண்ணா வாயைத் திறந்தான். அம்மா அவன் கையைக் கிள்ளினார்.

"யார் தைத்தது?" யுன்ஷூவின் அம்மா ஜெர்மன் மொழியில் கேட்டார், எங்களைப் பார்க்காமல்.

"நான்," என்றேன்.

"யார் திருப்பியது?"

"நான்தான்."

"எப்போது?"

"இன்று காலை." பொய் சொல்ல முடியவில்லை. "பிழையாக வெட்டிவிட்டேன். அவளுக்குத் தெரியாது. என் பிழை."

அவர் என்னைப் பார்த்தார். நீண்ட பார்வை. மாசி மாதச் சமையலறை வரைக்கும் அவருக்குத் தெரியுமோ என்று நினைக்க வைத்த பார்வை. மூடிய கதவுக்கு உள்ளே முந்திய சோடிக்குக் கைதட்டும் சத்தம் கேட்டது.

"ஊசி," என்றார்.

கைப்பையைக் கவிழ்த்தேன். ஊசி, சிவப்பு நூல். வாங்கிக்கொண்டார். யுன்ஷூ நாடாவை அவிழ்த்துக் கழற்றப் போனாள். அவர் அவள் கையைத் தட்டிவிட்டார். நூலில் ஒரு சாண் அறுத்து, மடித்து, மகளின் உதடுகளுக்கு இடையில் வைத்தார். சீன மொழியில் ஒரு சொல் சொன்னார். யுன்ஷூ நூலைப் பல்லால் கடித்துப் பிடித்தாள்.

"உடம்பில வைச்சுத் தைக்கப் போறா," என்று அம்மா என் காதுக்குள் சொன்னார். பதறிப்போயிருந்தார். "சொல்லன் பிள்ளை."

"அதுக்குத்தான் அம்மா வாயில நூல். அவையளுக்கும் அந்தப் பயம் இருக்குது போல."

அம்மா யுன்ஷூவின் பல்லிடையில் இருந்த நூலைப் பார்த்தார். "அப்ப சரி," என்றார்.

யுன்ஷூவின் அம்மா சட்டைப்பின்னைக் கழற்றித் தன் கோட்டில் குத்திக்கொண்டார். நாடாவை வைத்துத் தைக்கத் தொடங்கினார். சின்னத் தையல்கள், என்னுடையதை விட நெருக்கமானவை. யுன்ஷூ கையை உயர்த்தியபடி, வாயில் சிவப்பு நூலோடு, அசையாமல் நின்றாள். பேச முடியாததால் அழுதாள்.

உள்ளே கதிரைகள் நகரும் சத்தம். பதிவாளர் கதவைத் திறந்து எங்கள் பெயர்களைத் தடுமாறி வாசித்தார்.

"இரண்டு நிமிடம்," என்றார் யுன்ஷூவின் அம்மா, தலையைத் தூக்காமல். முடிச்சுப் போட்டார். கத்தரி கேட்பார் என்று நான் தேடினேன். அவர் குனிந்து, மகளின் விலாவோடு முகத்தை வைத்து, நூலைப் பல்லால் கடித்து அறுத்தார்.