இடது சுண்டுவிரல்

"அந்த வலது கையைக் கொஞ்சம் நகர்த்துங்களேன்," என்றாள் மெரேட்டெ.

சவப்பெட்டி மூடியைத் தூக்கப்போன மோன்ஸ் நின்றுவிட்டார். இறுதிச் சடங்கு வேலையிலேயே தலை நரைத்த மனிதர்.

"ஒண்ணு மேல ஒண்ணு வைக்கறதுதான் வழக்கம்."

"இடது கையை அமுக்குற மாதிரி இருக்கு."

வேறு நாளாயிருந்தால் அம்மா ஆஸ்த்ரிட், "என்னடி கூத்து இது?" என்று ஒரு பிடி பிடித்திருப்பாள். இன்று, "அவ சொல்றபடி செய்யுங்க," என்றாள்.

அப்பாவின் இடது கை வெளியே தெரிந்தது. மெரேட்டெ சுண்டுவிரலிலேயே கண்ணை நட்டாள்.

அப்பா ஐவின் நாற்பது வருஷம் நடித்தும் ஒரு படத்தில்கூடக் கதாநாயகன் இல்லை. தபால்காரர், பாதிரியார், துறைமுகத்துக் குடிகாரன். பாதி வேஷங்களில் கொலையாகிவிடுவார். அவர்கள் ஊரான கெர்டெமினேயின் கடைத்தெருவில் யாராவது, "உங்களை எங்கயோ பார்த்திருக்கேனே, எங்க சித்தப்பாகூடப் படிச்சீங்களா?" என்பார்கள். "ஆமா, சௌக்கியமா இருக்காரா?" என்று கூசாமல் விசாரித்துவிட்டு வருவார்.

மெரேட்டெக்கு ஆறு வயதில், தொலைக்காட்சியில் அப்பா கத்திக்குத்துப் பட்டுச் செத்தார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த அதே அப்பாவைக் கட்டிக்கொண்டு அவள் ஓயாமல் அழுதாள். அவர் காதோடு சொன்னார்: "இனிமே நான் செத்தா இடது சுண்டுவிரலைப் பாரு. லேசா ஆட்டுவேன். உனக்கு மட்டும்தான். யார்கிட்டயும் மூச்சு விடாதே."

சொன்ன சொல் தவறவில்லை. "யோவ் ஐவின், பொணம் ஆடுதுய்யா!" என்று இயக்குநர்கள் கத்துவார்கள். "நரம்புக் கோளாறு," என்று சமாளிப்பார். போன வாரம் ஆப்பிள் மரத்தடியில் மாரைப் பிடித்துக்கொண்டு அவர் சாய்ந்தபோதும் மெரேட்டெ முதலில் பார்த்தது அந்த விரலைத்தான்.

பெட்டியைச் சுற்றி நின்றவர்கள் இறுதிப் பாட்டைப் பாடி முடித்தார்கள். ஆட்டுப்பா, ஒரே ஒரு தடவை என்று அவள் மனசு அடித்துக்கொண்டது. விரல் அசையவில்லை.

"மூடுங்க," என்றாள் அம்மா.

மூடியின் திருகாணிகளை வீட்டார்தான் முடுக்க வேண்டும். மெரேட்டெயின் கை வழுக்கியது. அம்மா தன் கையை மேலே வைத்துச் சேர்ந்து முடுக்கினாள்.

அடக்கம் முடிந்ததும், அரைக்கம்பத்தில் இருந்த கொடியை ஊர் வழக்கப்படி பக்கத்து வீட்டுக்காரர் உச்சிக்கு ஏற்றினார். வந்தவர்கள் காப்பி குடித்துவிட்டுக் கிளம்பினார்கள். வீட்டு அமைதி தாங்காமல் அம்மா தொலைக்காட்சியைப் போட்டாள். பழைய தொடர். திரையில் அப்பா, படகுத்துறைக் காவலாளி. எதிரே ஒருவன் துப்பாக்கியை உருவினான்.

மெரேட்டெ ரிமோட்டை எடுத்தாள்.

"அணைக்காதேடி."

"வேணாம்மா. இன்னிக்கு வேணாம்."

"இரு. இப்ப இடது சுண்டுவிரலை ஆட்டுவார் பாரு. நான் பயப்படுவேன்னு, உன்னைப் பெத்த புதுசுல சொல்லி வச்சது. எனக்கு மட்டும்தான்னார். இத்தனை வருஷம் ஒருத்தர்கிட்ட சொன்னதில்ல." அம்மா மூக்கை உறிஞ்சினாள். "காலையிலகூட அதையேதான் பார்த்துக்கிட்டு நின்னேன்."

மெரேட்டெ வாயைத் திறந்தாள். பிறகு ரிமோட்டை மேசையில் வைத்தாள்.

துப்பாக்கி வெடித்தது. அப்பா ஈரப் பலகைமேல் மல்லாந்து விழுந்தார். திறந்த கண்களில் மழை விழுந்தது. சுண்டுவிரல் மெல்ல ஒருமுறை எழுந்து படிந்தது.

"பார்த்தியா?"

"எங்கம்மா? நான் கவனிக்கலையே."

"நல்லா கவனிச்சே போ," என்ற அம்மா நாற்காலியை அவள் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டாள். "நாளைக்கு இதையே திரும்பப் போடுவாங்க, இதே நேரத்துக்குச் சாவார். அப்பப் பாரு."