அளவுப் பாட்டு

பதிப்பகத்தில் அவளுக்கு முட்டுக்கட்டை என்று பெயர். ஒரு சொல்லில் சந்தேகம் வந்துவிட்டால் போதும், அச்சு எந்திரத்தையே நிறுத்திவிடுவாள். யார் கெஞ்சினாலும் அசைந்துகொடுக்க மாட்டாள். அப்பேர்ப்பட்டவள் பாதி ஆயுளைக் கொட்டிப் பதிப்பித்தது அசைவைப் பற்றிய நூல். பெயரே அசைவு நூல். ஒரு பொருள் நகர்கிறது என்றால் அந்த நகர்வு எங்கே இருக்கிறது, பொருளிலா, இடத்திலா, பார்க்கிற கண்ணிலா என்று முற்காலத்தில் யாரோ ஒருவர் உட்கார்ந்த இடத்தைவிட்டு எழாமல் யோசித்திருக்கிறார். தன் பெயரை எழுதி வைக்க மட்டும் அவருக்குத் தோன்றவில்லை.

சுவடியில் பூச்சி அரித்த இடங்கள் நிறைய. ஓர் ஓட்டையில் எத்தனை அடி போயிருக்கும் என்று கணிக்க அவள் ஒரு வழி வைத்திருந்தாள். நூலின் யாப்பிலேயே தானாகச் சில அடிகளைக் கட்டி, பென்சிலால் எழுதி, அந்த இடத்தில் அடங்குகிறதா என்று பார்ப்பாள். அதற்கு அளவுப் பாட்டு என்று பெயர். துணியை வெட்டும் முன் தையல்காரர் காகிதத்தை வெட்டிப் பார்ப்பாரே, அது மாதிரி. பொருளைப் பற்றி யாருக்குக் கவலை? தம்பியின் குறட்டை, ஓடாத மின்விசிறி, ஆறிப்போன காபி எல்லாம் கம்பீரமான அகவலில் ஏறி உட்கார்ந்திருக்கும். பக்கங்களை அமைப்பது அந்தத் தம்பிதான். பென்சில் எழுத்தைக் கண்டால் வயிறு குலுங்கச் சிரித்துவிட்டு, அதை எடுத்துவிட்டு, அடி அழிந்த இடம் என்று காட்டப் புள்ளி வரிசை வைப்பான்.

வெளியீட்டு நாளில் அரங்கம் நிரம்பியிருந்தது. முன்வரிசையில் பாதிப் பேர், இது பழைய நூலே இல்லை, யாரோ பிற்காலத்தில் கட்டிவிட்ட சரக்கு என்று எழுதித் தள்ளியவர்கள். தலைமை தாங்க வந்தவர் ஓய்வுபெற்ற பேராசிரியர். மாணவர்கள் அவருக்கு வைத்த பெயர் தேள். அவர் ஒரு நூலை ஏற்றுக்கொண்டால் அப்புறம் அதை எதிர்த்து யாரும் வாய் திறக்க மாட்டார்கள். ஒதுக்கிவிட்டாலோ அதோடு அதன் கதை முடிந்தது.

தேள் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, நூலின் சிகரம் இதுதான் என்று மூன்றாம் பகுதியிலிருந்து வாசித்தார்.

நடந்தான் என்பது கடந்தபின் சொல்லே;
நடப்பான் என்பது நடக்குமுன் சொல்லே;
நடக்கின் றானெனச் சொல்லின்
சொல்முடி முன்னர் அடியங் கிலையே.

நடக்கிறான் என்று நாம் சொல்லி முடிப்பதற்குள் கால் அந்த இடத்தில் இல்லை, ஆகவே அசைவைச் சொல்லால் பிடிக்கவே முடியாது என்று விளக்கினார். இந்த நாலு அடிக்காகவே இத்தனை காலம் உயிரோடு இருந்திருக்கலாம் என்றார். அரங்கமே கைதட்டியது.

அவளுக்குத் தலைகால் புரியவில்லை. அவ்வளவு சந்தோஷம். ஏனென்றால் அந்த நாலு அடியும் அவளுடையவை. மறுநொடிதான் அவை அச்சில் ஏறியிருக்கவே கூடாது என்பது உறைத்தது. ஒரு நாள் ஏதோ உற்சாகத்தில் குறட்டையை விட்டுவிட்டு நூலின் பொருளிலேயே ஓர் அளவுப் பாட்டு கட்டியிருந்தாள். அது பிடித்துப்போய், அழகாக இருக்கட்டுமே என்று மையால் எழுதி வைத்தாள். மையைப் பார்த்த தம்பி சுவடியில் இருப்பது என்று விட்டுவிட்டான். அவளும் அச்சுப்படியைத் திருத்தும்போது அதில் பிழை இருக்கிறதா என்று பார்க்கவில்லை, ரசித்துவிட்டுப் பக்கத்தைப் புரட்டிவிட்டாள்.

வாயை மூடிக்கொண்டு இருந்தால் நூல் பிழைக்கும். சொன்னால் முன்வரிசைக்குக் கொண்டாட்டம். ஆனால் பெயர்கூட எழுதாமல் போன அந்த மனிதரின் வாயில் தன் சொல்லைத் திணிக்க அவளுக்கு மனம் வரவில்லை. எழுந்து மேடைக்குப் போனாள்.

“ஐயா, நீங்க படிச்சது சுவடியில இல்ல. அந்த இடத்தைப் பூச்சி அரிச்சிடுச்சு. அளவு பாக்க நான் எழுதினது அது. எடுக்காம விட்டது என் தப்பு.”

பின்வரிசையில் தம்பி தலையில் கை வைத்துக்கொண்டான்.

“இன்னும் எத்தனை இடத்துல உங்க கைவரிசை இருக்கு?” என்றார் தேள்.

“வேற எங்கயும் இல்ல. ஏட்டோட படமெல்லாம் மேசையில இருக்கு. இப்பவே ஒப்பிட்டுப் பாருங்க.”

அவர் விடவில்லை. முன்வரிசைக்காரர்களையும் மேடைக்கு அழைத்து, ஆளுக்குக் கொஞ்சம் ஏட்டுப் படங்களைக் கொடுத்து உட்கார வைத்தார். அவர்களும் வரிந்துகட்டிக்கொண்டு தேடினார்கள். நெடுநேரம் கழித்து, வேறு எதுவும் இல்லை என்று ஒவ்வொருவராகத் தலையை ஆட்டினார்கள். தேள் ஒலிவாங்கியைப் பிடித்து, மற்றதெல்லாம் ஏட்டில் உள்ளபடியே இருக்கிறது, தன் பாட்டையே காட்டிக்கொடுக்கிறவளின் பதிப்பை இனி யாரும் சந்தேகப்பட வேண்டாம் என்றார்.

தம்பி ஓடிப்போய்ப் புள்ளி வரிசை அச்சடித்த தாள்களை நறுக்கிக்கொண்டு வந்தான். புத்தகம் வாங்க வந்தவர்களில் பலர், எங்கள் படியில் ஒட்டாதீர்கள், பாட்டு அப்படியே இருக்கட்டும் என்று கெஞ்சினார்கள். அவள் அசைந்துகொடுக்கவில்லை. ஒவ்வொரு படியிலும் பசை தடவி, தன் பாட்டின் மேல் புள்ளிகளை ஒட்டிக்கொண்டே இருந்தாள். அன்று போல அவள் என்றைக்கும் நிமிர்ந்து உட்கார்ந்ததில்லை.

கடைசியில் தேளும் தம் படியை நீட்டினார்.

“தாராளமா ஒட்டும்மா,” என்றார். “எனக்குத்தான் மனப்பாடம் ஆயிடுச்சே.”