வடக்கு நாற்காலியில் டான் பூன் கியாட்

கிழக்கே மகன் சின் ஹோ, தெற்கே மகள் பெக் இம், மேற்கே கோப்பிக்கடை லிம் ஹோக் சாய், வடக்கே செத்துப்போன டான் பூன் கியாட். மலேசியாவின் தைப்பிங்கில், அந்த வீட்டில் நாலு பேர் காய் வைத்து ஆடும் மாஜோங் மேசையைச் சுற்றி இப்படித்தான் உட்கார்ந்திருந்தார்கள். சவப்பெட்டி வாசல் கூடாரத்தில் காலியாகத் திறந்து கிடந்தது. சாவு வீட்டில் காவல் இருப்பவர்கள் ஆடுவது வழக்கம்தான். பழக்கதோஷத்தில் பெக் இம் நாலாவது ஆளுக்கும் காய் எடுத்து வைத்துவிட்டாள். எடுத்து வைத்த காயை விட்டுவிட்டுப் போகிற மனுஷனா அவர்? அடுக்கடுக்கான சாவுச் சட்டையோடு எழுந்து வந்துவிட்டார்.

பந்தயம் பூசணி விதை. காலையிலிருந்து ஜெயித்தது அவரே. ஜெயிக்கிற மேசையை விட்டு அவர் எழுந்ததாகச் சரித்திரமே இல்லை. சின் ஹோ பிறந்த சேதியே மேசைக்குத்தான் போயிற்று. இது தெரிந்துதான் பிள்ளைகள் வேண்டுமென்றே தோற்றுக்கொண்டிருந்தார்கள்.

பூசாரி, செத்தவரின் மனைவி கெய்க் லூவானிடம் வந்தார். "மூணு மணிக்குப் பெட்டி கிளம்பணும்மா. தவறிட்டா இங்கயும் இல்லாம அங்கயும் இல்லாம வாசல்லயே அலைவாரு."

அவளுக்கும் அனுப்ப மனசில்லை. ஆயுசெல்லாம் அவள் திட்டிய மேசை, இப்போது அதுதான் அவரைப் பிடித்து வைத்திருந்தது. ஆனாலும் வாசலில் அலைய விடுவதா? மகளை நாற்காலியிலிருந்து எழுப்பிவிட்டு அதில் உட்கார்ந்தாள்.

"உனக்கு ஆடத் தெரியுமா?"

"உங்க பின்னாடி நின்னு டீ ஊத்தியே கத்துக்கிட்டேன். நல்ல காய் வந்தா உங்க காது சிவக்கும். செத்தும் சிவக்குது பாருங்க."

ஹோக் சாய்க்குக் கோப்பி புரையேறியது.

காதைப் பார்த்தே ஆடினாள். அவர் காத்திருந்த காயைக் கடைசிவரை விடவேயில்லை. ஜெயித்த தன் காய்களைத் திருப்பிக் காட்டியபோது, "அடிப்பாவி" என்றார் அவர், பெருமையாக. விதையை அவள் பக்கம் தள்ளினார். "அங்க யாருகூட ஆடறது?"

"முன்னாடியே போன உங்க அண்ணன் அங்க இருக்காருல்ல? அவருக்கு எழுதறேன், போங்க."

பெட்டியில் போய்ப் படுத்துக்கொண்டார். மூடி இறங்கும்போது வழக்கப்படி எல்லோரும் முதுகு காட்டி நின்றார்கள். அவள் தோள் மட்டும் கொஞ்சம் குலுங்கியது.

பிறகு எழுதினாள்: 'மூத்தவருக்கு, உங்கள் தம்பி வருகிறார். நாற்காலி போட்டு வையுங்கள். சாப்பிடக் கூப்பிட்டால் எழமாட்டார். தட்டை மேசைக்கே கொண்டு போங்கள். ஆடும்போது அவர் காதைப் பாருங்கள்.'

கடைசி வரியை யோசித்து, எழுத்தே தெரியாதபடி அடித்தாள். சோற்றுப் பருக்கையால் உறையை ஒட்டி, செத்தவர்களுக்குப் போய்ச் சேரத் தங்கத்தாள் எரிக்கும் தகர டின்னில் போட்டாள். நெருப்பு அதை வாங்கிக்கொண்டது.