பதினொரு நிமிடமும் ஒரு கொசுவும்

சார்ஜாவில் என் வேலை, ஒரு கட்டிடத்தின் பதினாறு கேமராக்களைத் திரையில் பார்த்துக்கொண்டிருப்பது. ஒன்பது வருடமாகப் பார்க்கிறேன். என்னை யாரும் பார்ப்பதில்லை.

லீவு முடிந்து குளத்தூரிலிருந்து கிளம்பும் அன்று, பக்கத்து வீட்டு ததேயூஸ் மகள் ஜீனா வந்தாள். திருவனந்தபுரத்தில் சினிமா படிக்கிறாள். மறுநாள் பரீட்சைக்குப் படம் கொடுத்தாக வேண்டும். ஒரு நாற்காலி, ஒரு ஆள், வெட்டே இல்லாமல் பதினொரு நிமிடம். அவ்வளவுதான் படம். முதலில் உட்காரவைத்துப் பார்த்த பொன்னையன் அண்ணன் நான்காம் நிமிடத்தில் பீடியை எடுத்துவிட்டாராம். அடுத்து உட்கார்ந்த விஜயம்மாவுக்குச் சிரிப்பு நிற்கவில்லையாம்.

"நான் என்ன செய்யணும் மக்கா?"

"ஒண்ணும் செய்யண்டாம் அண்ணே. நீங்க அங்க இருந்தா போரும். நான் இங்க இருப்பேன்."

ரப்பர் தோட்டத்தில் நாற்காலி போட்டாள். முதல் தடவை மூன்றாம் நிமிடத்திலேயே கெட்டது. வேலைப் பழக்கத்தில் என் கண் மூலைக்கு மூலை ஓடியது. கள்ளனைத் தேடுவதுபோல இருக்கிறது என்றாள். வண்டி வரும் நேரம். இன்னும் ஒரே ஒரு தடவைதான் முடியும்.

இந்தத் தடவை கேமராவை ஒட்டித் தரையில் உட்கார்ந்தாள். பால் எடுக்கும் சிரட்டைகளில் மழைத்தண்ணீர் நின்று தோட்டம் முழுக்கக் கொசு. ஒன்று அவள் முழங்கையில் வந்து உட்கார்ந்தது. அடித்தால் சத்தம் மைக்கில் விழும். அவள் அடிக்கவில்லை, என்னையே பார்த்தாள். நான் அந்தக் கொசுவைப் பார்த்தேன். இன்னொன்று வந்தது. பிறகும் ஒன்று. சொல்லவும் முடியாது, எழும்பவும் முடியாது. என் கண் வேறெங்கும் போகவில்லை.

என்னை ஏர்போர்ட்டில் விட வந்த கூட்டுக்காரன் ஷிஜு வேலிக்கு அப்பால் காரை நிறுத்தினான்.

"எலே, பிளேன் உனக்காக நிக்காதாக்கும். இருக்கியா, செத்தாச்சா?"

நான் திரும்பவில்லை. அவளும் திரும்பவில்லை.

"போரும் அண்ணே" என்ற பிறகுதான் கையைச் சொறிந்தாள். கை முழுக்கத் தடிப்பு. எனக்காக ஒருத்தர் அப்படி அசையாமல் இருந்தது கிடையாது. நன்றி சொல்ல வாய் வரவில்லை. தேங்காயெண்ணெய் தேய்க்கச் சொல்லிவிட்டு ஓடிப்போய் வண்டியில் ஏறினேன். அன்று சொல்லாததைத்தான் இப்போது எழுதுகிறேன்.

படத்தை அனுப்பியிருந்தாள். பாஸாகிவிட்டாள். ஷிஜுவின் குரலும் அதில் உண்டு. அந்த முகத்தில் இவ்வளவு கரிசனம் எப்படி வந்தது என்று வாத்தியார் கேட்டாராம். அவள் சொல்லவில்லை.

படத்தில் எங்கும் ஜீனா இல்லை. ஆனால் அவள் எங்கே உட்கார்ந்திருந்தாள் என்று என் கண்ணைப் பார்த்தாலே தெரிகிறது.